15 நிமிடமும் ஒரு வாங்கும்

கலைஞர் மோனா ஹாதூமின் ‘மெஷர்ஸ் ஒஃப் டிஸ்டன்ஸ்’ என்ற 15 நிமிட வீடியோவைப் பார்க்கப் போகிறவர்களுக்கு முதலில் ஒன்று: திரைக்கு நேரே இருக்காதீர்கள், ஸ்பீக்கருக்குக் கிட்டப் போய் இருங்கள்.

நான் பார்த்த இடத்தில் இருந்தது சாய முடியாத ஒரே ஒரு வாங்கு. கதவுக்குப் பதிலாக ஒரு கறுப்புத் துணி. பக்கத்து அறையில் ஏதோ கடகடத்துக்கொண்டே இருந்தது. படம் எத்தனை மணிக்கு முதலிலிருந்து தொடங்கும் என்று வாசலில் ஒரு தாள் ஒட்டியிருக்கலாம். நானும் மகளும் நடுவில்தான் நுழைந்தோம். முறைப்பாடு அவ்வளவுதான்.

ஹாதூம் 1952இல் பெய்ரூட்டில், பாலஸ்தீனக் குடும்பத்தில் பிறந்தவர். 1975இல் லண்டனுக்குக் கொஞ்ச நாள் என்று வந்தார். பெய்ரூட்டில் போர் தொடங்கிவிட, திரும்ப முடியவில்லை. 1981இல் ஊருக்குப் போனபோது தாய் குளிப்பதைப் படம் எடுத்தார். 1988இல் அந்தப் படங்களின் மேல் தாய் எழுதிய கடிதங்களை ஓடவிட்டு இந்த வீடியோவைச் செய்தார். முதலில் என்ன உருவம் என்றே பிடிபடாது. தோளா, முழங்காலா என்று பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு பெண் தெரிய வருவார். அரபுக் கையெழுத்து குளியலறைத் திரைச்சீலை போல எப்போதும் குறுக்கே நிற்கிறது.

ஆனால் விஷயம் ஒலியில் இருக்கிறது. தாயும் மகளும் அரபியில் கதைத்துச் சிரிக்கிறார்கள். அதற்கு மேலே அதே மகள் கடிதங்களை ஆங்கிலத்தில், துக்க வீட்டுக் குரலில் வாசிக்கிறார்.

நான் மருத்துவமனைகளில் தமிழ் உரைபெயர்ப்பாளராக வேலை செய்கிறவள். நோயாளி ‘எனக்கு நெஞ்சு நோகுது’ என்றால் நாங்களும் ‘எனக்கு’ என்றே சொல்ல வேண்டும். ‘அவருக்கு’ என்று சொன்னால் பிழை. ஒரே நாளில் எழுபது வயது ஆச்சியாகவும் பிள்ளைத்தாச்சியாகவும் இருந்துவிட்டு வீட்டுக்கு வந்து சோறு வடிப்பேன். ஹாதூமும் தாயின் ‘நான்’ஐத் தன் வாயால் சொல்கிறார். சிரிப்பை மட்டும் ஆங்கிலத்துக்குக் கொண்டுவரவில்லை. ஆங்கிலத்தில் வருகிற தாய் எல்லாவற்றையும் இழந்தவர். அரபியில் இருக்கிற தாய் மகளோடு பகிடி விடுகிறவர். எனக்கு அரபு ஓர் எழுத்தும் தெரியாது, சப்டைட்டிலும் கிடையாது. ஆனாலும் பகிடி பகிடிதானே. வேலையில் நானும் ஆச்சிமாரின் பகிடிகளை விட்டுவிடுவதுண்டு, டொக்டருக்கு நேரமிருக்காது. அந்த வாங்கில் இருந்தபோது அதுதான் உறுத்தியது.

ஹாதூம் 1985இல், ஒரு நிகழ்த்துகலையாக, பூட்ஸ் இரண்டைக் கணுக்காலில் கட்டி இழுத்தபடி லண்டனின் பிரிக்ஸ்டன் தெருவில் வெறுங்காலோடு நடந்தவர். அந்தப் பதிவை முன்பே பார்த்திருந்ததால் இதுவும் அப்படி முரடாக இருக்கும் என்று நினைத்துப் போனேன். இல்லை. இதில் அவர் உடம்பு கிடையாது, குரல் மட்டும். எனக்கு இதுதான் பிடித்தது.

தாயைக் குளியலறையில் படம் எடுத்ததில் ஹாதூமின் தகப்பனுக்குக் கோபம் வந்த கதையும் கடிதத்தில் வருகிறது; அந்த இடத்தில் பதின்மூன்று வயது மகள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். குளியல் படங்கள் என்பதால் பிள்ளைகளைக் கூட்டிப் போகலாமா என்று கேட்பீர்கள். போகலாம், முதலே சொல்லிவிடுங்கள்.

கடைசிக் கடிதத்தில், தபால் கந்தோர் குண்டில் அழிந்துவிட்டது, இனி எழுத வழியில்லை என்று வருகிறது. மகள் என் காதுக்குள், “ஏனம்மா, வட்ஸ்அப் இல்லையா?” என்றாள். பக்கத்தில் இருந்த கிழவருக்குத் தமிழ் தெரியாது, ‘வட்ஸ்அப்’ மட்டும் விளங்கி அவரும் சிரித்துவிட்டார்.