கோலின் கிளார்க்: எந்தப் புத்தகத்தை முதலில் எடுப்பது?

கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா பல்கலைக்கழகத்துக் கணிதப் பேராசிரியராக இருந்த கோலின் கிளார்க், கால்குலஸ் நூல் எழுதிவிட்டு மீன்வளப் பொருளாதாரத்துக்குப் போனவர். அவர் புத்தகங்களில் ஒன்றைத்தான் வாங்க முடியும் என்றால், என் ஓட்டு மீன், காடு போன்ற உயிர்வளங்களின் பொருளாதாரத்தைக் கணிதமாகச் சொல்லும், 1976-இல் வந்த 'மேத்தமேட்டிக்கல் பயோஎகனாமிக்ஸ்' நூலுக்கு.

காரணம், அதன் மையத்தில் இருக்கும் ஒரு வகைக்கெழு, அதாவது ஒரு கோட்டின் சாய்வு. ஒரு கடல் தாங்கும் அதிகபட்ச மீன்தொகை 100 என்று வைத்துக்கொள்வோம். குறைவாக இருந்தாலும் நிரம்பி வழிந்தாலும் வளர்ச்சி மந்தம்; 50-இல்தான் உச்சம். அப்படியானால் 50-இலேயே நிறுத்திவைத்து, ஆண்டுதோறும் பெருகுவதை மட்டும் பிடித்தால் போதும் என்று தோன்றும். வட்டி இல்லாத உலகில் அது சரி. கிளார்க் வட்டியை உள்ளே கொண்டுவருகிறார்: மீன்தொகைக்கு ஏற்ப வளர்ச்சி மாறுவதைக் காட்டும் கோட்டின் சாய்வு வட்டி வீதத்துக்குச் சமமாகும் இடமே உரிமையாளருக்கு லாபம். மீன்பிடிச் செலவை ஒதுக்கிவிட்டு, அடிப்படை வளர்ச்சி வீதம் (மீன்தொகை மிகக் குறைவாக இருக்கும்போது பெருகும் வேகம்) 40%, வட்டி 10% என்று போட்டால் விடை 37.5. திமிங்கலம் மாதிரி மெதுவாகப் பெருகும் உயிருக்கு, வட்டியை மாற்றாமல், வளர்ச்சி வீதம் 5% என்று போட்டுப் பாருங்கள், விடை பூஜ்யத்துக்குக் கீழே போய்விடும். அதாவது, மொத்தத்தையும் பிடித்து விற்று வங்கியில் போடுவதே ஆதாயம்! யாருக்கும் சொந்தமில்லாத கடல்தான் சூறையாடப்படும் என்ற வாதம் 1954-இல் ஸ்காட் கார்டன் எழுதிய கட்டுரையால் பிரபலமானது. ஒரே முதலாளி இருந்தாலும் அழிவு நேரலாம் என்பது கிளார்க்கின் கணக்கு. நூலில் இதற்கப்புறம் காலப்போக்கில் எது சிறந்த வழி என்று கண்டுபிடிக்கும் பொன்ட்ரியாகின் கொள்கை, காடு வெட்டும் காலம், இரை–வேட்டை உறவு என்று பாதை செங்குத்தாகிறது. வகைக்கெழுச் சமன்பாடுகளில் பழக்கம் இல்லாதவர்கள் இங்கே திணறுவார்கள்.

அவர்களுக்குப் போட்டி நூல் 1987-இல் ஜான் கான்ராடுடன் சேர்ந்து எழுதிய 'நேச்சுரல் ரிசோர்ஸ் எகனாமிக்ஸ்'. குறிப்பு, கணக்கு, விடை என்ற பாணி. புதுப்பிக்க முடியாத தாதுக்கள், மாசு என்று பரப்பும் அகலம். பரீட்சைக்குப் படிப்பவருக்கு இதுவே உதவும். ஆனால் ஒரு விடை ஏன் அப்படி வந்தது என்று ஊறிப்போய் யோசிக்க வைப்பது முந்தையதுதான்.

1972-இன் 'தியரெட்டிக்கல் சைட் ஆஃப் கால்குலஸ்' வேறு ரகம். கால்குலஸைப் போடத் தெரிந்தவர்களுக்கு அதன் நிரூபணங்களைக் காட்டுகிற நூல். மீன் கணக்குக்காக மட்டும் இதைத் தேடிப் போகத் தேவையில்லை.

சமன்பாடே வேண்டாம், கொள்கை போதும் என்பவர்களுக்கு 2006-இன் 'வேர்ல்ட்வைட் கிரைசிஸ் இன் ஃபிஷரீஸ்' இருக்கிறது. அங்கேயும் கணிதம் முழுசாகப் போய்விடவில்லை. ஆனால் பேச்செல்லாம் தேவைக்கு மேல் பெருகிய படகுகள், அரசு மானியம், ஒவ்வொருவரும் எவ்வளவு மீன் பிடிக்கலாம் என்ற ஒதுக்கீடு பற்றியே. பயோஎகனாமிக்ஸில் முதல் சில அத்தியாயங்களை முடித்துவிட்டு இதற்கு வந்தால், மானியம் ஏன் நிலைமையை மோசமாக்குகிறது என்பது சட்டென்று பிடிபடும்.