பெட்டியில் 208 எபிசோடு, 196-இல் ஒரே பெயர்

'ஹவ் ஐ மெட் யுவர் மதர்' என்ற அமெரிக்க நகைச்சுவைத் தொடரின் (சிட்காம்) முழுத் தொடர் டிவிடி பெட்டி. அக்கா மகன் நியூ ஜெர்சியிலிருந்து வரும்போது ஒரு பழைய பொருள் கடையில் பிடித்து வந்தான். அமெரிக்கப் பதிப்பு, ரீஜன் 1 (எந்தப் பகுதி பிளேயரில் ஓடும் என்று டிவிடிக்கு வைக்கும் எண்). நமக்கு ரீஜன் 5 என்பதால் வீட்டு பிளேயர் ஏற்க மறுத்துவிட்டது. கடைசியில் அண்ணனின் பழைய லேப்டாப்பில் ரீஜனை மாற்றித்தான் பார்த்தேன். அந்த டிரைவில் ஐந்து தடவைக்கு மேல் மாற்ற முடியாது. வாங்குகிறவர்கள் இதை முதலில் யோசித்துக்கொள்ளுங்கள்.

சரி, உள்ளே இருப்பதற்கு வருவோம். வரிசையாகப் போட்டுப் பார்த்தபோதுதான் கண்ணில் பட்டது: எந்த டிஸ்கைப் போட்டாலும் இயக்கம், பமேலா ஃப்ரைமன். 2005 முதல் 2014 வரை ஒன்பது சீசன். 208-இல் 196 எபிசோடை இந்த அம்மாதான் இயக்கியிருக்கிறார். 'சான்டா பார்பரா' என்ற பகல்நேர சீரியலில் பழகி, 'ஃப்ரேசியர்', 'ஜஸ்ட் ஷூட் மி' வழியாக இங்கே வந்தவர். தினசரி சீரியலின் வேகம் கையில் இருந்ததால்தான் இதைச் சமாளித்தார் என்று எனக்குத் தோன்றுகிறது.

ஏனென்றால் இது மற்ற சிட்காம் போல ஒரே இரவில், ரசிகர்கள் முன்னால் எடுத்ததல்ல. ஒரு எபிசோடில் ஐம்பது காட்சி வரைகூட வரும். படப்பிடிப்பு மூன்று நாள். கதை ஐந்து வருடம் பின்னால் போய், அங்கிருந்து இன்னும் ஒரு வாரம் பின்னால் போகும். ரசிகர்களை அதுவரை உட்கார வைக்க முடியுமா? அதனால் வெட்டி ஒட்டி முடித்த எபிசோடை ஒரு கூட்டத்துக்குப் போட்டுக் காட்டி, அவர்கள் சிரித்ததைப் பதிவு செய்தார்கள். பின்னணியில் கேட்கும் அந்தச் சிரிப்பைப் போலி என்று நான் பல வருடம் திட்டிக்கொண்டிருந்தேன். தப்பு என்மேல்தான்.

ஆறாவது சீசனுக்காகவே பெட்டியை வாங்கலாம். 'சப்வே வார்ஸ்' எபிசோடில் நண்பர்கள் நியூயார்க்குக்குள் பந்தயம் போடுகிறார்கள். ஒருவருக்குப் பஸ், ஒருவருக்கு டாக்ஸி, ஒருவருக்குச் சுரங்க ரயில், மார்ஷலுக்கு ஓட்டம். இத்தனைக்கும் தொடரை எடுத்தது லாஸ் ஏஞ்சல்ஸில்! இதை இயக்கியதற்கு 2011-இல் அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மிக்குப் பரிந்துரை கிடைத்தது, விருது கிடைக்கவில்லை. அதே சீசனின் 'பேட் நியூஸ்'-ஐ ரிமோட் கையில் வைத்துக்கொண்டு பாருங்கள். 50-லிருந்து 1 வரை எண்கள் பின்னணியில் ஒளிந்து இறங்கிக்கொண்டே வரும். ஒன்று வந்ததும், மார்ஷலின் அப்பா இறந்த செய்தி. அந்தக் கடைசி வசனம் நடிகர் ஜேசன் சீகலுக்கு முன்கூட்டியே தெரியாது. அந்த முகத்தைப் பார்த்தால் புரியும்.

ஒன்பதாவது சீசன் இழுவை. ஒரே கல்யாண வார இறுதியைக் கிட்டத்தட்ட ஒரு சீசன் முழுக்க ஓட்டியிருக்கிறார்கள். இயக்குநர் மட்டும் என்ன செய்வார்? ஒளிபரப்பான முடிவு பிடிக்காதவர்களுக்குப் பெட்டியில் மாற்று முடிவு ஒன்றும் இருக்கிறது. நான் அதையே முடிவாக வைத்துக்கொண்டேன்.

தமிழ் சப்டைட்டில் கிடையாது. அட்டை சுமார்தான், இரண்டு டிஸ்க் பிடியிலிருந்து கழன்றே வந்தன. அடுத்து 'ஃப்ரேசியர்' கேட்டிருக்கிறேன். அதுவும் ரீஜன் 1-ஆகவே வரட்டும், லேப்டாப்பின் ரீஜனை இனி மாற்றுவதாக இல்லை.