பீச் ரோடு ஆர்மி மார்க்கெட்டில் சித்தப்பாவுக்கு ஒரு ஃபிரேம்

சித்தப்பாவின் மணிவிழாவுக்கு என்ன கொடுப்பது என்று வீட்டில் இரண்டு மாதம் பேச்சு ஓடியது. கடைசியில் சித்தி ஒரு பழைய மைலோ டின்னை என் மடியில் வைத்து, "இதுல இருக்கறதை ஃபிரேம் போட்டுக் கொடுப்பா, போதும்" என்றார். பதக்கங்கள், தோள் சின்னங்கள், பெயர்ப் பட்டைகள். வேலைக்கு நடுவே சிங்கப்பூர் ராணுவத்துக்குப் போய்வந்த மனிதருடைய ரிசர்விஸ்ட் காலம் மொத்தமும் அதற்குள் கிடந்தது.

கோல்டன் மைல் உணவு நிலையத்தின் மேல் மாடிக்குத் தூக்கிக்கொண்டு போனேன். 505 பீச் ரோடு. ஆர்மி மார்க்கெட் அங்கேதான். ராணுவத்தின் கூப்பிடு கடிதம் வந்ததும் பையன்கள் பெயர்ப் பட்டை தைக்கவும், முகத்தில் பூசும் மை, டார்ச், பூட்ஸுக்கு உள்ளட்டை வாங்கவும் ஓடுகிற இடம். வரிசையாகச் சின்னச் சின்னக் கடைகள். நான் போன கடையில் எழுபதைத் தாண்டிய சீன அங்கிள் ஒருவரும் ஒரு தையல் மெஷினும் இருந்தன, மூன்றாவது ஆள் நிற்க இடமில்லை.

டின்னை மேசையில் கவிழ்த்தார். அவ்வளவுதான், அடுத்த இருபது நிமிடம் என்னைக் கண்டுகொள்ளவில்லை. பட்டைகளைத் துணி பார்த்துப் பிரித்தார்: வெறும் பச்சை ஒரு பக்கம், பிறகு வந்த கட்டம் கட்டமான பிக்சல் துணி இன்னொரு பக்கம். சின்னங்களையும் அடுக்கினார். ஒரு கோடு, இரண்டு கோடு, கேப்டனுக்கு மூன்று. அதற்கப்புறம் சிங்கமும் புலியும் தாங்கிய அரசு முத்திரை ஒன்று, அது மேஜர். இரண்டு முத்திரையோடு வரிசை நின்றது. "லெப்டினென்ட் கர்னல். பட்டாளத்தையே பார்த்துக்கொண்டவரா?" என்று கேட்டார். ஆமாம். துவாஸில் எஞ்சினியர் வேலை, வருடா வருடம் சில வாரம் சீருடை, 50 வயதில்தான் விட்டார்கள் (அதிகாரி இல்லையென்றால் 40). வருடாவருடம் தீபாவளிக்கு வீட்டில் இருப்பாரா மாட்டாரா என்று சித்தி கேட்டதுதான் எனக்கு ஞாபகம். அவர் ஏறிய படிகளை இப்படி வரிசையாக நான் பார்த்தது அந்த மேசையில்தான்.

என் மகள் கண்ணாடிப் பெட்டியில் இருந்த ஒற்றை நட்சத்திரத்தைக் காட்டி, "இதையும் வைங்க, தாத்தா ஜெனரல்" என்றாள். விளையாட்டுக்குத்தானே என்று நானும் கேட்டேன். அங்கிள் பெட்டியையே மூடிவிட்டார். வாங்காத பதவியை ஒட்டித் தரமாட்டாராம். நியாயம்தான். பகுதிநேரமாகத் தொடங்கி அந்த நட்சத்திரத்தைத் தொட்டவர் இல்லாமல் இல்லை. கிர்பா ராம் விஜ் தொண்டூழியப் படையிலிருந்து வந்தவர். 1966-ல் சாஃப்டி என்ற ராணுவப் பயிற்சிக் கழகத்தின் முதல் இயக்குநர், 1970 முதல் 1974 வரை ராணுவத்தின் தலைமைப் பொறுப்பு. சித்தப்பா அவர் பேச்சை எடுத்தால் சாப்பாடு ஆறிப்போகும்.

சரி, வேலைக்கு வருவோம். பதக்க நாடாக்களுக்குப் பின்னால் கெட்டி அட்டை கொடுத்து, ஒன்றோடொன்று இடித்துக்கொள்ளாமல் தைத்திருக்கிறார். நான் அளவு பார்த்துப் பெரியதை நடுவில் வைக்கச் சொல்லியிருந்தேன், அதை மாற்றிவிட்டார். மூத்த பதக்கம் அணிபவருடைய நெஞ்சின் நடுப்பக்கம் வரவேண்டுமாம், அதாவது நாம் பார்க்கையில் இடது ஓரம். ஓரத் தையல் ஒரு நூல்கூட வெளியே நீட்டவில்லை.

குறை இல்லாமல் இல்லை. சொன்ன நாளுக்கு நான்கு நாள் தாமதம், விழாவுக்கு முந்தைய நாள்தான் கைக்கு வந்தது. பித்தளைத் தகட்டில் சித்தப்பா பெயரில் ஓர் எழுத்தை விட்டிருந்தார். முணுமுணுத்துக்கொண்டே வேறு தகடு போட்டார், காசு கேட்கவில்லை. கண்ணாடி சாதாரணக் கண்ணாடி. விளக்குக்கு எதிரே மாட்டினால் பதக்கத்துக்குப் பதில் உங்கள் முகம்தான் தெரியும். மொத்தம் 140 வெள்ளி. கார்டு எடுக்கமாட்டார், கைப்பேசியில் பணம் அனுப்பும் பேநவ் அல்லது ரொக்கம். காத்திருக்கும் நேரத்தில் கீழே போய் சூப் துலாங், அதாவது சிவப்புக் குழம்பில் வரும் ஆட்டெலும்பு, சாப்பிடலாம். ஆனால் அந்தச் சிவப்புக் கையோடு ஃபிரேமைத் தொட்டால் அங்கிள் சும்மா விடமாட்டார்.

அவசரத்துக்கு இந்தக் கடை சரிப்படாது. மூன்று வாரம் முன்னதாகக் கொடுக்க முடிந்தால் வேறு எங்கும் போகவேண்டாம்.

மணிவிழா அன்று மாலையும் கழுத்துமாகச் சித்தப்பா ஃபிரேமை வாங்கிக்கொண்டார். ஒன்றும் சொல்லவில்லை. இடது ஓரத்திலிருந்து பதக்கங்களை விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டே போனார். அப்புறம் என்னைப் பார்த்து, "மிச்சத் துணியெல்லாம் எங்கடா? டின்னைத் திருப்பி வாங்கினியா?" என்றார்.