படகு கவிழ்ந்ததா, ஆள் விழுந்தாரா: ஓர் என்கோடருடன் ஓராண்டு

அமெரிக்க மருத்துவமனைகளின் எமர்ஜென்சி சார்ட்டுகளுக்குக் கோடிங் செய்வது என் வேலை: டாக்டர் எழுதியதைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் அது நேர்ந்த விதத்துக்கும் ஐசிடி-10-சிஎம் என்ற பட்டியலிலிருந்து கோட் போடுவது. ஒன்பது வருடம் ஆகிறது. போன அக்டோபரில் எங்கள் டீமுக்குப் புது என்கோடர், அதாவது கோடைத் தேடித் தரும் மென்பொருள், வந்தது. எலும்பு முறிவு, நெஞ்சுவலி, சர்க்கரை என்று தினமும் வரும் சார்ட்டுகளுக்கு அது நன்றாகவே உழைக்கிறது. நான் எழுத உட்கார்ந்தது மோட்டார் படகு விபத்தில் நீரில் மூழ்கியவர்களின் சார்ட்டுகளுக்காக. கோடை வந்தால் அவை ஒன்றன்பின் ஒன்றாக வரும். அங்கேதான் இது வழி தவறுகிறது.

தேடும் பெட்டியில் ‘டிரவுனிங்’ என்று அடித்ததும் அது கேட்கும் முதல் கேள்வி, எங்கே மூழ்கினார் என்பது. குளியல் தொட்டியா, நீச்சல் குளமா, இயற்கை நீர்நிலையா? ஏரி என்று சொன்னால் டபிள்யூ69, அதாவது இயற்கை நீர்நிலையில் மூழ்கியதற்கான கோட், வந்து நிற்கும். டார்கெட்டை முடிக்கும் அவசரத்தில் இருப்பவர் அதை எடுத்துக்கொண்டு அடுத்த சார்ட்டுக்குப் போய்விடுவார். ஆனால் கோடுகளை வரிசையாகக் குறிப்புகளுடன் தரும் டேபுலர் லிஸ்ட்டைத் திறந்து பாருங்கள். டபிள்யூ65 முதல் டபிள்யூ74 வரையான தொகுதியின் தலையிலேயே எக்ஸ்க்ளூட்ஸ்1 என்ற விலக்குக் குறிப்பு இருக்கிறது: நீர்ப் போக்குவரத்தில் மூழ்கியவர்கள் இங்கே வரக்கூடாது, அவர்கள் வி90-க்கோ வி92-க்கோ போகவேண்டும். ஆகவே முதலில் கேட்கவேண்டியது, படகுக்கு என்ன ஆயிற்று என்பதைத்தான்.

படகே கவிழ்ந்தாலோ, மூழ்கினாலோ, தீப்பிடித்து அதிலிருந்து குதித்தாலோ வி90. படகுக்கு ஒன்றும் ஆகாமல் ஆள் மட்டும் தண்ணீருக்குள் போனால் வி92. அதற்குள்ளும் தவறி விழுந்தவர் வி92.0, படகின் அசைவில் தூக்கி எறியப்பட்டவர் வி92.1, அலை அடித்துக்கொண்டு போனவர் வி92.2. கோடின் ஐந்தாவது இடம் படகின் வகைக்கு. ஜெட் ஸ்கீ, சாதாரண மோட்டார் படகு எல்லாம் 3. மீன்பிடிப் படகில் மோட்டார் இருந்தாலும் அது 2-தான், ஏனென்றால் 3 என்பது ‘மற்ற’ விசைப்படகுகளுக்கு. காற்றடைத்த ரப்பர் படகு 6, ஆனால் மோட்டார் இல்லாவிட்டால் மட்டுமே. இந்த என்கோடரில் ‘ரப்பர் படகு’ என்று தேர்ந்தெடுத்தால் மோட்டார் உண்டா என்று கேட்காமலே 6 போட்டுவிடுகிறது.

ஜூலையில் என்னிடம் வந்த ஒரு சார்ட்டைச் சொல்கிறேன். ‘படகிலிருந்து விழுந்தார், தண்ணீருக்குள் சிறிது நேரம் இருந்தார்’ என்று டாக்டர் எழுதியிருந்தார். என்கோடர் கொடுத்தது டபிள்யூ69.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ (எக்ஸ் காலி இடத்தை நிரப்ப, ஏழாவதான ஏ சிகிச்சையின் கட்டத்தைச் சொல்ல). ஆம்புலன்ஸ் ஷீட்டைப் புரட்டினேன். அதில், வேகமாகப் போன படகு இன்னொரு படகு கிளப்பிய அலையில் ஏறி இறங்கியபோது எகிறிப் போய் விழுந்தார் என்று இருந்தது. விழுந்தது வேறு, எறியப்பட்டது வேறு. எது சரி என்று கேட்டு டாக்டருக்குக் குவரி அனுப்பினேன். இரண்டு நாளில் அவர் சார்ட்டில் சேர்த்து எழுதினார், கோட் வி92.13எக்ஸ்ஏ ஆயிற்று. அதே சார்ட்டில் ஆக்சிஜன் குறைந்த கடும் சுவாசச் செயலிழப்பு, ஜே96.01, பதிவாகியிருந்தது. என்கோடர் அதனுடன், மூழ்கியதன் விளைவு இன்னதென்று குறிப்பிடாதபோது போடும் டி75.1-ஐயும் நீட்டியது. மூழ்கியதன் விளைவு இன்னதென்று தெரிந்துவிட்டால் அந்த விளைவுக்கே கோட் போடு என்று டி75.1-இன் கீழ் எக்ஸ்க்ளூட்ஸ்1 இருக்கிறது. அதை எடுத்துவிட்டேன்.

இன்னொன்று என்னை உண்மையாகவே கோபப்படுத்தியது. இதன் உதவிப் பக்கத்தில் மோட்டார் படகுக்கு வி90.3 என்று போட்டிருந்தார்கள். உலக சுகாதார நிறுவனத்தின் மூலப் பட்டியலான ஐசிடி-10-இல் அது சரி, அங்கே நான்காவது இடமே படகின் வகை. நாங்கள் 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்தும் ஐசிடி-10-சிஎம்மில் வி90.3 என்றால் நொறுங்கிய படகிலிருந்து விழுந்தோ குதித்தோ மூழ்கியது. புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள் அந்தப் பக்கத்தை நம்பித்தான் படிக்கிறார்கள்.

காயம் எப்படி நேர்ந்தது என்று சொல்லும் இந்த எக்ஸ்டர்னல் காஸ் கோடுக்கு ஏன் இவ்வளவு மெனக்கெடவேண்டும் என்று என்னிடம் கேட்பவர்கள் உண்டு. அமெரிக்காவில் இதை நாடு முழுக்கக் கட்டாயமாக்கவில்லை. மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால் தவிர, விருப்பம்தான். முதன்மை டயக்னோசிஸாகவும் இது ஒருபோதும் வராது. ஆனால் எண்ணிக்கை இங்கிருந்துதான் பிறக்கிறது. 2014 நவம்பரில் உலக சுகாதார நிறுவனம் வெளியிட்ட அறிக்கை, 2012-இல் உலகெங்கும் 3,72,000 பேர் நீரில் மூழ்கி இறந்ததாகக் கணித்தது. வெள்ளத்திலும் படகு விபத்திலும் போனவர்கள் அந்தக் கணக்கில் இல்லை. ஏற்கெனவே தனியாக நிற்கும் படகுக் கணக்கிலிருந்து ஒருவரை டபிள்யூ69-க்குத் தள்ளினால், ஏரியில் குளிக்கப்போய் மூழ்கியவராக அவர் பதிவாகிவிடுவார். லைஃப் ஜாக்கெட்டைப் பற்றியும் படகின் வேகத்தைப் பற்றியும் முடிவெடுப்பவர்களின் கண்ணில் அவர் படவே மாட்டார். எனக்கு அது மனசு ஒப்பவில்லை.

நல்லதையும் சொல்லவேண்டும். ஏழாவது எழுத்தையும் இடையில் வரும் எக்ஸையும் இது ஒருமுறைகூடத் தவறவிட்டதில்லை. டேபுலர் குறிப்புகள் பக்கத்திலேயே திறக்கின்றன. ஆண்டுதோறும் அக்டோபர் 1-இல் வரும் கோட் மாற்றங்கள் அன்று காலையே இருந்தன.

மேலே சொன்ன மூன்று குறைகளையும் அந்த நிறுவனத்துக்கு எழுதினேன். உதவிப் பக்கத்தை மூன்று வாரத்தில் திருத்திவிட்டார்கள். ரப்பர் படகுக்குப் பதில் இல்லை, கேள்விகளின் வரிசையும் மாறவில்லை. சந்தாவைப் புதுப்பிக்கலாமா என்று மேனேஜர் கேட்டபோது சரி என்றேன். கூடவே, படகு என்ற சொல் இருக்கும் சார்ட்டுகளுக்கு மட்டும் தேடும் பெட்டியைத் தொடாமல் எக்ஸ்டர்னல் காஸ் இன்டெக்ஸில் ‘டிரவுனிங்’கின் கீழ் வரிவரியாக இறங்கி வரவேண்டும் என்று டீமுக்கு எழுதி அனுப்பியிருக்கிறேன்.