திருகோணமலையில் வாழும் இந்திய மனைவிமாரின் குடும்பங்களுக்கு: ஐடி எடுத்துத் தருகிறேன் என்பவரிடம் கடவுச்சீட்டைக் கொடுக்காதீர்கள்

என் மனைவி இராமநாதபுரம் மாவட்டத்துக்காரி, இந்தியப் பிரஜை. 2006இல் சம்பூரில் ஷெல் விழத் தொடங்கியபோது ஊரை விட்டு ஓடி, மன்னாரால் படகேறித் தமிழ்நாட்டின் மண்டபம் அகதி முகாமுக்குப் போய்ச் சேர்ந்தவர்களில் நானும் ஒருவன். அங்கே கட்டட வேலைக்குப் போன இடத்தில்தான் அவளைச் சந்தித்தேன். 2007இல் கல்யாணம் முடித்தோம், அடுத்த வருசம் மகள் பிறந்தாள். 2016இல் மூவரும் திரும்பி வந்து இப்போது அலஸ்தோட்டத்தில் வாடகைக்கு இருக்கிறோம். எங்களைப் போல இந்தியாவில் முடித்து வந்த குடும்பங்கள் மூதூர் தொடக்கம் குச்சவெளி வரைக்கும் இருக்கின்றன. அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். இலங்கையில் தேசிய அடையாள அட்டை, நாங்கள் ஐடி என்று சொல்வது, இலங்கைப் பிரஜைக்கு மட்டும்தான். வெளிநாட்டவர் எத்தனை வருசம் இங்கே இருந்தாலும், இலங்கையரை முடித்திருந்தாலும், பிள்ளைகள் இங்கே படித்தாலும், அந்த அட்டை அவருக்குக் கிடையாது. அவருடைய அடையாளம் அவரது நாட்டுக் கடவுச்சீட்டும் அதில் இருக்கும் வதிவிட விசாவும்தான். புதுப்பிக்க வேண்டியதும் அந்த விசாவைத்தான். இது எனக்குத் திருத்தமாகத் தெரியாமல் இருந்தது. அதனால் 85,000 ரூபாயை இழந்தோம். அதைவிட மோசம், என் மனைவி நான்கு மாதம் விசா இல்லாமல் இந்த நாட்டில் இருந்திருக்கிறாள். அது எங்களுக்கே தெரியாது.

ஏன் ஐடிக்கு ஆசைப்பட்டோம் என்று கேட்பீர்கள். இங்கே எந்தப் படிவத்தை எடுத்தாலும் பெயருக்குக் கீழே ‘தே.அ.அ. இலக்கம்’ என்று ஒரு கட்டம் இருக்கும். மாதர் கிராம அபிவிருத்திச் சங்கத்தில் தையல் மெசின் வாங்கக் கடன் கொடுத்தார்கள். என் மனைவி வரிசையில் நின்று பெயர், விலாசம் எல்லாம் எழுதினாள். அந்தக் கட்டத்துக்கு வந்ததும் பேனையை வைத்துவிட்டு வந்துவிட்டாள். எட்டு வருசமாக இதே கதைதான். மற்றப் பெண்களுக்கு முன்னால் “எனக்கு ஐடி இல்லைங்க” என்று சொல்ல வேண்டியிருப்பது அவளுக்குப் பெரிய நோவு. அந்த நோவைத்தான் அந்த ஆள் விற்றுக் காசாக்கினார்.

அவர் நகரத்தில் போட்டோக் கொப்பி அடித்து, விண்ணப்பங்கள் நிரப்பிக் கொடுப்பவர். பெயரோ கடையோ இங்கே வேண்டாம். விசயம் பொலிசில் இருக்கிறது. இந்த வேலை செய்பவர்கள் எல்லாரும் கள்ளர் இல்லை. எழுத்து வாசிப்புத் தெரியாத எத்தனையோ சனத்துக்கு நூறு இருநூறு ரூபாய்க்கு உதவி செய்கிற நல்லவர்களையும் எனக்குத் தெரியும். அதனால்தான் நம்பினேன்.

2024 பெப்ரவரியில் மகளின் பள்ளிக்கூடப் பத்திரங்களைக் கொப்பி எடுக்கப் போனபோது பேச்சு வந்தது. “அண்ணன், இப்ப புதுசா டிஜிட்டல் ஐடி வருது. இந்தியா காசு குடுத்துத்தான் செய்யுறாங்கள். அதால இந்தியா ஆக்கள் இங்க இருந்தா அவங்களுக்கு முதல்ல குடுக்கச் சொல்லி ஓடர். பேப்பர்ல போட மாட்டாங்கள், உள்ளுக்குச் செய்யுறது” என்றார். இந்தியாவின் நிதியுதவியோடு டிஜிட்டல் அடையாள அட்டைத் திட்டம் ஒன்று இருப்பது உண்மை, செய்தியிலும் கேட்டிருந்தேன். அந்த உண்மைக்குள் ஒரு பொய்யைச் செருகினார். இந்தியாக்காரருக்கு முதலில் என்பது முழுப் பொய். அந்தத் திட்டத்தில் காசு யார் கொடுக்கிறார்கள் என்பதற்கும் அட்டை யாருக்கு என்பதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை.

முதலில் 25,000, பிறகு 40,000, கடைசியாக 20,000. மூன்று தரமும் காசாகவே கொடுத்தேன், ரசீது தரவில்லை. மனைவியின் கடவுச்சீட்டையும், எங்கள் கல்யாணப் பத்திரத்தையும், அவளது இந்தியப் பிறப்புச் சான்றிதழையும் “ஒறிஜினல் வேணும், கொழும்பில பார்ப்பாங்கள்” என்று வாங்கி வைத்தார். விசா மே மாதம் முடிகிறதே என்று கேட்டேன். “பைல் உள்ளுக்க இருக்கிற நேரம் விசா புதுப்பிக்கத் தேவையில்லை அண்ணன். ரெண்டையும் ஒண்டாப் போட்டா ரெண்டும் நிராகரிச்சுப்போடுவாங்கள்” என்றார். எங்களை ஆழமாக வெட்டியது இந்த ஒரு வசனம்தான். ஐடிக்குப் போட்டாலும், பிரஜாவுரிமைக்குப் போட்டாலும், வேறு எதற்குப் போட்டாலும், விசாத் திகதி தன்பாட்டில் ஓடிக்கொண்டுதான் இருக்கும். அது முடியுமுன் புதுப்பிக்க வேண்டும்.

யோசித்துப் பார்த்தால் அப்போதே பிடிபட்டிருக்க வேண்டிய ஒன்று இருக்கிறது. மகளுக்குப் பதினைந்து வயது முடிந்து, பள்ளிக்கூட அதிபர் மூலம் அவளுக்கு ஐடிக்கு விண்ணப்பித்திருந்தோம். அவளுடைய படத்தை ஆட்பதிவுத் திணைக்களத்தில் பதிந்த ஸ்டூடியோவில்தான் எடுத்தோம். படம் அங்கிருந்து நேரே திணைக்களத்துக்குப் போகும், எங்கள் கையில் ஒரு ரசீதுதான் வரும். என் மனைவியின் படத்தையோ அந்த ஆள் தன் கடைச் சுவரோரம் நிற்க வைத்து, தன் போனிலேயே எடுத்தார். கிராம சேவகரின் கையெழுத்தும் தேவையில்லை என்றார். விதானையார் பார்க்காமல், பிரதேச செயலகம் போகாமல் ஒரு ஐடி வருமா? வராது. மகளுக்கு நேர்வழியில் எல்லாம் செய்துகொண்டு, மனைவிக்கு மட்டும் குறுக்குவழியை நம்பினேன். அவளிடம் இதற்காக மன்னிப்புக் கேட்டிருக்கிறேன்.

செப்டெம்பரில் ஒரு கடிதம் தந்தார். ‘தற்காலிக அடையாள உறுதிப்பத்திரம்’ என்று தலைப்பு, மேலே அரச இலச்சினை, கீழே நீல மையில் வட்ட முத்திரை. அட்டை பிறகு வரும், அதுவரைக்கும் இதைக் காட்டினால் போதும் என்றார். வீட்டுக்குக் கொண்டுவந்தேன். மனைவி அதைச் சாமி அறையில் வைத்துக் கும்பிட்டாள். பின்னேரம் மகள் எடுத்துப் பார்த்தாள். அவளுக்கு அந்த மாதம்தான் சொந்த ஐடி வந்திருந்தது, தன் இலக்கத்தைப் பாடமாக்கி வைத்திருந்தாள்.

“அப்பா, இது ஆம்பிளையின்ர நம்பர்.”

எனக்கு விளங்கவில்லை. அவள் கொப்பியில் எழுதிக் காட்டினாள். பன்னிரண்டு இலக்கத்தில் முதல் நான்கும் பிறந்த வருசம். அடுத்த மூன்றும் அந்த வருசத்தில் எத்தனையாவது நாள் என்பது. பெண் என்றால் அந்த நாளோடு 500 கூட்டுவார்கள். பெப்ரவரிக்கு எப்போதும் 29 நாள் கணக்கு. என் மனைவி 1986 மே 9 பிறந்தவள், 130ஆவது நாள். அவளுக்கு ஒரு இலக்கம் இருந்தால் அது 1986630 என்று தொடங்க வேண்டும். கடிதத்தில் 1986130 என்று இருந்தது. பிறகு மகள் விரலால் தொட்டுக் காட்டினாள்: ‘ஆட்பதிவுத் திணைகளம்’. ஒரு ‘க்’ குறைவு. தன்னுடைய அட்டையோடு வந்த உறையைப் பக்கத்தில் வைத்தாள். மனைவி ஒன்றும் பேசவில்லை. கடிதத்தை நான்காக மடித்தாள், பிறகு விரித்தாள், பிறகும் மடித்தாள்.

அடுத்த நாள் காலை அவரிடம் போனேன். முதலில் எழுத்துப் பிழை என்றார், திருத்தித் தரலாம் என்றார். நான் விடவில்லை என்றதும் குரலைத் தாழ்த்தி இன்னொரு வழி சொன்னார். “அக்கா மூதூர்ல பிறந்தவ எண்டு உத்தேச வயதுச் சான்றிதழ் ஒண்டு எடுப்பம். சண்டையில பதிவு எரிஞ்சுபோச்சு எண்டு சொல்லலாம். ஒரு அறுபது ஆகும்.”

அந்த இடத்தில்தான் எனக்குக் கை நடுங்கியது. சம்பூரிலும் மூதூரிலும் உண்மையிலேயே எல்லாப் பத்திரங்களும் போன சனம் இருக்கிறது. உறுதி, பிறப்புப் பத்திரம், பிள்ளையின் தடுப்பூசி அட்டை, எல்லாம் போன சனம். என் அம்மா தான் பிறந்ததை நிரூபிக்க எத்தனை தரம் கச்சேரிக்கும் பதிவாளரிடமும் அலைந்தா என்று எனக்குத் தெரியும். உத்தேச வயதுச் சான்றிதழ் அவவைப் போன்றவர்களுக்காக இருக்கிற ஏற்பாடு. அதை இவர் அறுபதாயிரத்துக்கு விற்கிறார். இப்படி ஒவ்வொரு கள்ளப் பத்திரமும் பிடிபடப் பிடிபட, உண்மையாக இழந்தவர்களைத்தான் அதிகாரிகள் சந்தேகத்தோடு பார்ப்பார்கள். பொய்த் தகவல் கொடுத்து ஐடி எடுப்பது ஆட்பதிவுச் சட்டப்படி குற்றமும்கூட. மறியலுக்குப் போவது அந்தக் கடைக்காரர் இல்லை, பத்திரத்தில் பெயர் உள்ள உங்கள் மனைவி.

கடவுச்சீட்டைத் தராமல் போக மாட்டேன் என்று கடைவாசலில் இருந்துவிட்டேன். “கொழும்பில இருக்கு, நாளைக்கு வரும்” என்றார். இரண்டு நாள் அப்படியே. மூன்றாம் நாள் என் மச்சானும் வந்து இருந்தான். பத்து மணிபோல மேசை லாச்சியைத் திறந்தார். அது கொழும்புக்குப் போகவே இல்லை. லாச்சிக்குள் எங்களது மட்டும் இல்லை. பிறப்புச் சான்றிதழ்கள், குடும்ப அட்டைகள், தமிழ்நாட்டு முகாம் அட்டைகள், நீலநிறக் கடவுச்சீட்டுகள், எல்லாம் கட்டுக்கட்டாக இறப்பர் வளையம் போட்டு. ஒரு கட்டின் மேலே இருந்த படத்தில் ஒரு சின்னப் பிள்ளை, கன்னத்தில் பெரிய கறுப்புப் பொட்டு.

காசு திரும்பி வரவில்லை. பொலிசில் முறைப்பாடு கொடுத்தோம். கையில் இருந்தது போன் குறுஞ்செய்திகளும் அந்தக் கள்ளக் கடிதமும்தான். கடிதத்தைக் கிழித்தெறிய மனைவி கேட்டாள், நான் விடவில்லை. நீங்களும் இப்படி ஏதாவது கிடைத்தால் எறியாமல் வையுங்கள். ஆனால் ஒரு இடத்திலும் காட்டிப் பாவிக்காதீர்கள்.

அன்றிரவே கொழும்பு மெயிலில் ஏறி, விடியக் கோட்டையில் இறங்கி, பத்தரமுல்லை சுஹுருபாயவுக்குப் போனோம். குடிவரவு குடியகல்வுத் திணைக்களமும் ஆட்பதிவுத் திணைக்களமும் ஒரே கட்டடத்தில்தான். எட்டு வருசத்தில் விசாவுக்காக எத்தனையோ தரம் அந்த வாசலால் போய்வந்திருக்கிறோம், ஐடியைப் பற்றி ஒரு தரமாவது உள்ளே கேட்டிருக்கலாம். அங்கே இருந்த ஒரு பெண் அதிகாரி குரலை உயர்த்தவில்லை. “இவவுக்கு ஐடி குடுக்க ஏலாது. யார் சொன்னாலும் ஏலாது. முதல்ல விசாவச் சரி செய்யுங்க” என்று தமிழிலேயே சொன்னா. காலம் கடந்து இருந்ததற்குத் தண்டமும் விசாக் கட்டணமும் கட்ட, மனைவியின் காப்பு இரண்டும் அடகுக்குப் போயின. மூன்று தரம் போய்வந்து விசா கைக்கு வந்தது.

இனி உங்கள் வீட்டில் இந்த நிலை இருந்தால் உண்மையான வழி எது என்பதையும் எழுதிவிடுகிறேன். பிள்ளை இந்தியாவில் பிறந்து, தாய் தகப்பனில் ஒருவர் இலங்கைப் பிரஜையாக இருந்தால், 1948ஆம் ஆண்டு 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டத்தின் 5(2) பிரிவின் கீழ் பிறப்பைப் பதியலாம். 2003க்கு முன்பு தகப்பன் வழியாக மட்டும்தான் இருந்தது, இப்போது தாய் வழியாகவும் உண்டு. ஒரு வருசத்துக்குள் பதிவது நல்லது. பிந்தினாலும் பதியலாம், பிந்தியதற்குக் கூடுதல் கட்டணம் உண்டு. நாங்கள் மகளுடையதைத் திரும்புமுன்பே சென்னையில் உள்ள இலங்கைத் துணை உயர் ஸ்தானிகராலயத்தில் பதிந்திருந்தோம். அந்தப் பத்திரத்தை இணைத்ததால் அவளுடைய ஐடி ஒரு கேள்வியும் இல்லாமல் வந்தது. அங்கே பதியாமல் வந்தவர்கள் பத்தரமுல்லையில் பிரஜாவுரிமைப் பிரிவில் கேளுங்கள். பிள்ளைக்குப் பதினைந்து வரும்வரை காத்திருக்க வேண்டாம்.

மனைவியோ கணவனோ வெளிநாட்டவர் என்றால், இங்கே ஒரு வருசம் தொடர்ந்து வதிந்த பிறகு, பதிவின் மூலம் பிரஜாவுரிமை கேட்டு விண்ணப்பிக்கச் சட்டத்தில் இடம் இருக்கிறது. அதைக் கொடுப்பதும் விடுவதும் அமைச்சரின் தீர்மானம். அது கிடைத்த பிறகுதான் ஐடி. ஆனால் இந்தியா இரட்டைப் பிரஜாவுரிமையை ஏற்பதில்லை, இலங்கைப் பிரஜை ஆனவுடன் இந்தியப் பிரஜாவுரிமை போய்விடும். தையல் மெசினுக்காகவோ ஒரு படிவத்தின் கட்டத்துக்காகவோ எடுக்கிற முடிவு இல்லை இது. என் மனைவியிடம் கேட்டேன். “எங்கம்மா இருக்குறவரைக்கும் அந்தப் பாஸ்போர்ட்ட விடமாட்டேங்க. திடீர்னு ஒண்ணுன்னா விசாவுக்கா நான் காத்துக்கிட்டு இருக்குறது?” என்றாள். அதற்கு மேல் நான் அதைப் பற்றிக் கேட்கவில்லை. சங்கத்தில் கடனை என் பெயரில் எடுத்தோம். மெசின் இப்போது விறாந்தையில் இருக்கிறது.

அந்த லாச்சி என் கண்ணில் நிற்கிறது. போன வருசமோ அதற்கு முந்தியோ யாரிடமாவது ஒறிஜினல் பத்திரங்களைக் கொடுத்துவிட்டு “பைல் உள்ளுக்க இருக்கு” என்ற பதிலோடு காத்திருப்பவராக நீங்கள் இருந்தால், இன்றைக்கே போய்த் திருப்பிக் கேளுங்கள். தனியே போகாதீர்கள், யாரையாவது கூட்டிக்கொண்டு போங்கள். கடவுச்சீட்டு கைக்கு வந்ததும் விசாப் பக்கத்தைத் திறந்து திகதியைப் பாருங்கள்.