முள்ளியவளையில் இருந்து வாசித்த ‘லஜ்ஜா’

கிளிநொச்சியில் ஏ9 வீதியோரப் புத்தகக் கடையொன்றில் சொல்லிவைத்து, மூன்று கிழமை காத்திருந்து, பங்களாதேஷ் எழுத்தாளர் தஸ்லிமா நஸ்ரினின் ‘லஜ்ஜா’ நாவலைத் தமிழில் வாங்கினேன். கடைக்காரர் சொன்ன நாளில் புத்தகத்தைத் தருவித்துக் கொடுத்தார். வன்னியில் இருப்பவர்களுக்கு அது பெரிய உதவி.

1992 டிசம்பர் 6இல் அயோத்தியில் பாபர் மசூதி இடிக்கப்பட்டதும், அதற்குப் பழியாகப் பங்களாதேஷில் இந்துக்கள் தாக்கப்படுகிறார்கள். டாக்காவில் வாழும் வைத்தியர் சுதாமய் 1971 பங்களாதேஷ் விடுதலைப் போரில் சித்திரவதைப்பட்டும், இது என் நாடு என்று ஊரைவிட்டுப் போக மறுத்தவர். அவருடைய குடும்பம் இருப்பதா, வெளிக்கிடுவதா என்று தவிப்பதே கதை.

நாவலாகப் பார்த்தால் குறைகள் உண்டு. எரிக்கப்பட்ட ஊர்களின் பட்டியல்கள் பக்கம் பக்கமாக வந்து கதையை நிறுத்திவிடுகின்றன. மகன் சுரஞ்சன் பல இடங்களில் கட்டுரை வாசிப்பவனைப் போலப் பேசுகிறான். ஆயினும் அந்தப் பட்டியல்களை நான் தாண்டிப் போகவில்லை. பெரும்பான்மை முஸ்லிம் சமூகத்தில் பிறந்த ஒரு பெண், தன் பக்கத்தார் செய்ததை ஊர் ஊராக எழுதிவைத்திருக்கிறார் என்பதே இந்நூலின் பெறுமதி.

அதற்கான விலையையும் அவரே கொடுத்தார். 1993இல் வெளியான நூலை அரசு சில மாதங்களில் தடைசெய்தது. தலைக்கு விலை வைக்கப்பட்டது. மறுவருடம் தலைமறைவாக இருந்து சுவீடனுக்குப் போனார். வங்காளம் பேசும் ஊரில் வாழ விரும்பிக் கொல்கத்தாவுக்கு வந்தவரை 2007இன் கலவரம் அங்கிருந்தும் அகற்றியது. மொழி கேட்காத ஊரில் எழுதுபவரின் துயரத்தை, பிள்ளைகளை ஐரோப்பாவுக்கு அனுப்பிய நம் வீடுகளுக்கு விளக்க வேண்டியதில்லை.

1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கின் முஸ்லிம்களை வெளியேற்றியபோது நான் பாடசாலை மாணவன். எங்கள் முள்ளியவளைக்கு அயலிலுள்ள தண்ணீரூற்றிலும் நீராவிப்பிட்டியிலும் இருந்து சனங்கள் பைகளோடு நடந்துபோனதை எங்கள் வீட்டார் படலையில் நின்று பார்த்தார்கள். ஒருவரும் வாய் திறக்கவில்லை. பயமிருந்தது உண்மை. பின்னர் நாங்களும் இடம்பெயர்ந்து, இழந்து, அதையெல்லாம் எழுதினோம். படலையில் நின்ற அந்தப் பொழுதை எங்களில் மிகச் சிலரே எழுதினார்கள்.

புத்தகத்தை, அன்று வெளியேற்றப்பட்டுப் புத்தளத்தில் இருந்து திரும்பிவந்த என் வகுப்புத் தோழரிடம் கொடுத்திருக்கிறேன். எனக்கென்று இன்னொரு பிரதிக்கு அதே கடையில் சொல்லிவைத்திருக்கிறேன்.