எட்வர்டு ஏரியை விழுங்கிய மடிப்பு: ஒரு பெரிய அட்லஸோடு ஒன்பது வருடம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: இந்த உலக அட்லஸின் அச்சு அருமை, தாள் அருமை, பெயர் அடைவு (கடைசியில் வரும் இடப்பெயர்ப் பட்டியல்) அருமையிலும் அருமை. விலை குறைந்திருக்கிறதே, வாங்கலாமா என்று கேட்கும் நண்பருக்கு இதையெல்லாம் விரிவாகச் சொல்லலாம்தான். ஆனால் போன மாதம் பைண்டிங் பிரிந்து, மறுபடி தைத்து வந்த பிறகும் மத்திய ஆப்பிரிக்கப் பக்கம் அப்படியே இருக்கிறது. அதனால் அதில்தான் ஆரம்பிப்பேன்.

அந்தப் படம் 1:50,00,000 அளவில், இரண்டு பக்கத்துக்கும் விரிகிறது. 1 செ.மீ. என்றால் 50 கி.மீ. நடு மடிப்பு சரியாகக் காங்கோவும் உகாண்டாவும் சந்திக்கும் இடத்தில் இறங்குகிறது. எட்வர்டு ஏரியின் பெரும்பகுதி உள்ளே போய்விட்டது. மார்கரிட்டா சிகரம் (5,109 மீ.) மடிப்பின் விளிம்பில் அரைப் பெயரோடு தொங்குகிறது. எல்லைக்கோடு இடப்பக்கம் நுழைந்து, வலப்பக்கம் வேறொரு உயரத்தில் வெளியே வருகிறது.

கண்ணை நம்ப வேண்டாம், ஸ்கேலை வையுங்கள். பூமத்திய ரேகைக்கு அருகில் 2 டிகிரி தீர்க்கரேகை இடைவெளி சுமார் 222 கி.மீ.; இந்த அளவில் 44 மி.மீ.க்குச் சற்று மேல். மற்ற கட்டங்களில் சரியாக அவ்வளவே வருகிறது. மடிப்பைத் தாண்டும் 28°-க்கும் 30°-க்கும் இடையே மட்டும் 37 மி.மீ. மிச்சம் 7 மி.மீ., அதாவது 35 கி.மீ. அகலமான நிலம், முதுகுப் பசைக்குள் இருக்கிறது.

எந்த அட்லஸை வாங்கினாலும் இந்தச் சோதனையைச் செய்யலாம். மடிப்பை ஒட்டிய கட்டம் மற்றவற்றைவிடக் குறுகியிருந்தால் நிலம் விழுங்கப்பட்டிருக்கிறது. அகன்றிருந்தால், சில பதிப்பகங்கள் செய்வதுபோல, மடிப்போரத்து நிலத்தை இரு பக்கத்திலும் திரும்ப அச்சிட்டிருக்கிறார்கள். படிக்க வசதி, தூரம் அளந்தால் கூடுதலாக வரும். இரண்டில் எதுவானாலும் ஓரத்தில் ஒரு வரி போட்டுவிட்டால் போதும். இந்த அட்லஸில் சில படங்கள் அப்படி, சில படங்கள் இப்படி, குறிப்பு எங்கேயும் கிடையாது. எரிச்சலே அங்கேதான்.

காரணம் ஒன்றும் மர்மமில்லை. 16 பக்க ஃபாரமில் (ஒன்றாக மடித்துச் சேர்த்த பக்கக் கட்டில்) நடுவில் விழும் இரண்டு பக்கங்கள் மட்டுமே ஒரே தாள். அங்கே வரும் படம் துளிகூட உடையாது. மற்ற ஜோடிகள் எல்லாம் வெவ்வேறு தாள்கள். மடிக்கும்போது ஒரு மில்லிமீட்டர் பிசகினாலும் அட்சரேகை படிக்கட்டுபோல ஏறி இறங்கும். அதற்கு மேல், முதுகில் தைக்காமல் பசை மட்டும் போட்டு ஒட்டினால் பக்கம் முழுதாக விரியாது. இவ்வளவு கனமான புத்தகத்துக்குப் பசை பைண்டிங் என்று முடிவெடுத்தவர் அதை ஒருநாளாவது மேசையில் விரித்துப் பார்த்திருக்க மாட்டார்.

இதில் வேடிக்கை என்னவென்றால், இது நானூறு வருடத்துக்கு முன்பே தீர்த்த பிரச்சினை. 1570-இல் ஆன்ட்வெர்ப்பில் ஆபிரகாம் ஒர்டேலியஸ் வெளியிட்ட தொகுப்பைத்தான் முதல் நவீன அட்லஸ் என்கிறார்கள். ஒரே அளவுத் தாள், ஒரே பாணி, 53 தாள்கள். ஒவ்வொன்றும் செப்புத்தகட்டில் முழுத் தாளாக அச்சானது. விளக்க உரை பின்புறத்தில். இப்படிப்பட்ட பழைய தொகுப்புகளில் தாளை நடுவில் மடித்து, மடிப்பின் முதுகில் ஒரு காகிதப் பட்டையை ஒட்டி, அந்தப் பட்டையைத்தான் தைப்பார்கள். விரித்தால் படம் தட்டையாகக் கிடக்கும்; தையல் தொடுவது பட்டையை மட்டும். எந்த ஏரியும் காணாமல் போகாது.

(ஒர்டேலியஸ் தொகுப்பின் பெயரில் 'அட்லஸ்' இல்லை. அது வரைபடக்காரர் மெர்கேட்டர் வைத்த பெயர். அவர் 1594-இல் இறந்து, அடுத்த ஆண்டு வெளியான தொகுப்பில் வந்தது. அவர் மனதில் இருந்தவர் மௌரித்தானிய அரசரான அட்லஸ். கிரேக்கக் கதையில் தோளில் சுமை தாங்கும் அசுரன் இல்லை. அந்த அசுரனும் கதைப்படி சுமந்தது வானத்தை. பூமியைச் சுமக்கும் ஆளை அட்டையில் அச்சடித்திருப்பவர்கள் இரண்டு தவறைச் சேர்த்தே செய்கிறார்கள். இந்த அட்லஸும் செய்திருக்கிறது.)

அட்லஸில் என்ன வகைகள் என்று கேட்டால் உலக, தேசிய, கருப்பொருள், வரலாற்று, சாலை அட்லஸ் என்று பிரிப்பது வழக்கம். மேசையில் வைத்துப் பயன்படுத்துகிறவருக்கு வேறொரு பிரிவு உண்டு: விரிவது, விரியாதது. சாலை அட்லஸ் சுருள்கம்பியில் வருவது சும்மா இல்லை. பக்கத்தைப் பின்னால் மடித்து மடியில் வைக்க வேண்டும். பள்ளி அட்லஸ் மெலிந்தது, நடுவில் பின் அடித்தது, அதனால் கிட்டத்தட்ட தட்டையாகவே கிடக்கும். தனித்தாள்களாகப் பெட்டியில் வரும் பெரிய அட்லஸ்களுக்கு மடிப்பே இல்லை. ஆயிரக்கணக்கான பெயர்களோடு வரும் கனமான உலக அட்லஸ்தான் எப்போதும் தகராறு.

இனி நியாயமாகப் பேசுகிறேன். பெயர் அடைவு. ஒவ்வொரு பெயருக்கும் நாடு, பக்கம், கட்டம், அதோடு அட்சரேகையும் தீர்க்கரேகையும் நிமிடம் வரை. கட்ட எண் இந்தப் புத்தகத்துக்கு மட்டும்தான் செல்லும். ஆயத்தொலைவு, அதாவது அந்த அட்சரேகை தீர்க்கரேகை எண்கள், உலகின் எந்தப் படத்துக்கும் செல்லும். வியன்னா என்று தேடினாலும் அதன் ஜெர்மன் பெயரான வீன் என்று தேடினாலும் ஒரே இடத்துக்குக் கொண்டுபோய் விடுகிறது. திரிப்போலி லிபியாவிலும் உண்டு, லெபனானிலும் உண்டு. நாட்டின் பெயரைப் பார்க்காமல் பக்கம் புரட்டும் மாணவர் கட்டாயம் தப்பான இடத்தில் இறங்குவார். அடைவைப் படிப்பதைத் தனிப்பாடமாக ஒரு மணி நேரம் நடத்தலாம்.

அந்த அடைவு மடிப்பையே தோற்கடிக்கும் என்பதுதான் எதிர்பாராத சந்தோஷம். காங்கோவின் பெனி: 0°29′ வடக்கு, 29°28′ கிழக்கு. உகாண்டாவின் கசேசே: 0°11′ வடக்கு, 30°05′ கிழக்கு. ஒன்று மடிப்புக்கு இடப்பக்கம், மற்றது வலப்பக்கம். ஸ்கேலில் அளந்தால் 9½ மி.மீ., அதாவது 47 கி.மீ. இப்போது அடைவை எடுங்கள்: கிழக்கு மேற்காக 37 நிமிடம், வடக்கு தெற்காக 18 நிமிடம். இந்தப் பகுதியில் நிமிடத்துக்கு சுமார் 1.85 கி.மீ. என்று வைத்தால் 68½, 33. பிதாகரஸ் தேற்றத்தில் போட்டால் 76 கி.மீ. படம் பொய் சொன்னது, அடைவு சொல்லவில்லை. பூமத்திய ரேகையை விட்டு விலகினால் கிழக்கு மேற்குத் தூரத்தை அட்சரேகையின் கொசைனால் பெருக்க வேண்டும். 60°-இல் அது பாதியாகிவிடும். அளவு, ஆயத்தொலைவு, கொசைன் மூன்றையும் ஒரே கணக்கில் கற்றுத்தர இதைவிட நல்ல பயிற்சி கிடைக்காது. கோளாறான புத்தகம் பாடமாகிறது, என்ன செய்ய.

நிறங்களும் நன்றாக இருக்கின்றன, ஆனால் வகுப்பில் முதலில் குறிவிளக்கத்தைப் படிக்க வையுங்கள். இயற்கை அமைப்புப் படத்தில் பச்சை என்றால் தாழ்நிலம், காடு இல்லை. எகிப்தின் கத்தாரா பள்ளம் கடல்மட்டத்துக்கு 133 மீட்டர் கீழே கிடப்பதால் இங்கே அடர்பச்சை. அங்கே இருப்பது மணலும் உப்பும். குறிவிளக்கம் பார்க்காத மாணவர் அங்கே ஒரு சோலையை நட்டுவிடுவார்.

நதியின் நீளத்தை அளக்க நைலான் நூல் வேண்டாம், இழுபடும். பருத்தி நூலை லேசாக நனைத்து வளைவுகளின் மேல் படியவைத்து, பிறகு நீட்டி அளவுக்கோட்டில் வையுங்கள். விடை எப்போதும் பாடநூல் எண்ணைவிடக் குறைவாகத்தான் வரும். அளவு சிறுக்கச் சிறுக்க வரைபவர் வளைவுகளை நேராக்கிவிடுகிறார். மடிப்பைக் கடக்கும் நதியைத் தேர்ந்தெடுக்காதீர்கள்.

பக்கத்துக்குப் பக்கம் அளவு மாறுவதும் கவனிக்க வேண்டியது. ஐரோப்பாவை 1:25 லட்சத்திலும் ஆப்பிரிக்காவின் பெரும்பகுதியை 1:1 கோடியிலும் போட்டிருக்கிறார்கள். இரண்டு பக்கமும் ஒரே அகலம், நாடுகளும் ஒரே பருமன் என்று மனம் எடுத்துக்கொள்ளும். படிதாளில் ஒரு நாட்டை வரைந்து இன்னொன்றின் மேல் வைப்பதானால், உலகப்படப் பக்கத்திலேயே வையுங்கள்; அதுவும் மெர்கேட்டர் கோட்டுச்சட்டமாக (உருண்டையைத் தட்டையாக்கும்போது துருவப் பக்கத்தைப் பெரிதாக்கிவிடும் முறை) இருக்கக்கூடாது. அதில் கிரீன்லாந்தும் ஆப்பிரிக்காவும் ஏறக்குறைய சமம். நிஜத்தில் ஆப்பிரிக்கா 14 மடங்கு.

கருப்பொருள் படங்களில் மழை, மக்கள்தொகை, மொழி எல்லாம் உண்டு. எந்த ஆண்டின் கணக்கு என்று மட்டும் இல்லை. ஒர்டேலியஸ் தான் பார்த்து வரைந்த படங்களை வரைந்தவர்களின் பெயர்களைப் பட்டியல் போட்டார். 1570-இல். இதற்கு மேல் நான் பேசவில்லை.

பழைய பிரதி வாங்குகிறவர்கள் பதிப்பு ஆண்டை அட்டையில் தேட வேண்டாம், படத்தில் தேடுங்கள். தென் சூடான் இருந்தால் 2011 ஜூலைக்குப் பின். எஸ்வாத்தினி (பழைய சுவாசிலாந்து) என்றால் 2018-க்குப் பின், வடக்கு மாசிடோனியா என்றால் 2019-க்குப் பின். கஜகஸ்தான் தலைநகரில் ஏமாற வேண்டாம்: 2019 முதல் 2022 வரை நூர்சுல்தான், அதற்கு முன்னும் பின்னும் அஸ்தானா.

பைண்டிங் பிரிந்தால், பைண்டரிடம் இரண்டு விஷயம் அழுத்திச் சொல்லுங்கள். ஒன்று, ஓரத் தையல் கூடாது. அது இரு பக்கமும் இன்னும் ஒரு சென்டிமீட்டரைத் தின்னும். ஒவ்வொரு ஜோடித் தாளுக்கும் பட்டை ஒட்டித் தைக்க முடியுமா என்று கேளுங்கள். புத்தகம் தடிக்கும், பரவாயில்லை. இரண்டு, கட்டிங் வேண்டவே வேண்டாம். மூன்று ஓரத்தையும் சீராக்குகிறேன் என்று 3 மி.மீ. வெட்டினால் கட்ட எழுத்துகளும் டிகிரி எண்களும் குப்பைக்குப் போய்விடும். அப்புறம் அவ்வளவு நல்ல அடைவு யாருக்கு?

வாங்கலாமா என்றால், வேண்டாம். விலை இன்னும் பாதியானாலும் வேண்டாம். மெலிந்த பள்ளி அட்லஸ் ஒன்றும், பக்கத்தில் ஒரு உலக உருண்டையும் வைத்துக்கொள்ளுங்கள். அப்படியும் எங்காவது இதன் புதிய அச்சு கையில் கிடைத்தால், மத்திய ஆப்பிரிக்காவைத் திறந்து 28-க்கும் 30-க்கும் இடையே ஸ்கேலை வைத்துப் பாருங்கள். 44 வந்தால் எனக்கும் சேர்த்து இரண்டாக வாங்குங்கள்.